தாஷ்கந்து சென்ற முஹாஜிர்களும் ரஷ்ய நாட்டு ஜமாஅத்துகளும்

அளவற்ற அருளாளனும் நிகரற்ற அன்புடையோனுமாகிய அல்லாஹ்வின் திருப்பெயரால்.

 

ரஷ்யா என்றவுடன் நம்மூர்ப் பெரியவர்களின் நினைவில் இரண்டு செய்திகள் எழுவதுண்டு. ஒன்று, வழவழப்பான தாளில் வண்ணப் படங்களுடன் வந்துகொண்டிருந்த 'சோவியத் நாடு' இதழ். அதன் தாள்கள் பள்ளிப் பிள்ளைகளின் புத்தகங்களுக்கு அட்டையாகும். அந்த அட்டைகளில் சமர்கந்து நகரத்தின் நீலநிறக் குவிமாடங்களைப் பலரும் பார்த்திருப்பர். மற்றொன்று, அந்நாட்டில் பள்ளிவாசல்களைப் பூட்டிவிட்டார்கள், ஓதவும் தொழவும் விடுவதில்லை என்று பயான்களில் கேட்டது. இவற்றுள் எது உண்மை என்னும் வாதம் தேநீர்க் கடைகளில் பல்லாண்டுகள் நடந்துள்ளது. இரண்டுமே உண்மைதான். எந்த ஆண்டில், எந்த ஊரில் என்று கேட்டால்தான் விடை தெளிவாகும்.

இந்த வாதத்திற்கு இந்திய முஸ்லிம்களே நேரடிச் சாட்சிகளாக நின்ற காலம் ஒன்று உண்டு. 1920-ஆம் ஆண்டில் கிலாஃபத்துக்காக ஊரையும் உறவையும் விட்டுப் புறப்பட்டவர்களில் ஒரு சிறு கூட்டத்தார் மத்திய ஆசியாவின் தாஷ்கந்து நகரம்வரை சென்று சேர்ந்தனர். அங்கே அவர்களோடு நின்றவர்களுள் ஒருவர் தமிழர். சென்னையில் பிறந்து, நம்மூருக்குத் தெற்கே முப்பத்தைந்து கிலோமீட்டர் அளவில் உள்ள புதுச்சேரியில் சில மாதங்கள் பணிபுரிந்து, பின் கடல் கடந்தவர். முஸ்லிம் அல்லர். அவரைப் பற்றியும் அந்த முஹாஜிர்களைப் பற்றியும் எழுதுவதற்கு முன், அவர்கள் சென்ற நாட்டின் முஸ்லிம்கள் யார் என்பதைச் சொல்லியாக வேண்டும்.

வோல்கா நதிக்கரையில் வாழ்ந்த பல்கார் மக்கள் இஸ்லாத்தை ஏற்றது ஹிஜ்ரி மூன்றாம் நூற்றாண்டின் இறுதியையொட்டி. அவர்களுடைய மன்னர் அல்மிஷ், மார்க்கம் கற்பிக்கவும் பள்ளிவாசல் கட்டவும் ஆட்களை அனுப்புமாறு பக்தாதிலிருந்த அப்பாஸிய கலீஃபா முக்ததிருக்கு எழுதினார். கி.பி. 922-ஆம் ஆண்டு மே மாதம் அங்குப் போய்ச் சேர்ந்த தூதுக்குழுவில் இருந்தவர் இப்னு ஃபள்லான். கோடைகாலத்தில் அந்நாட்டில் இரவு மிகமிகச் சிறியது. இஷாவுக்காகப் பேசிக்கொண்டு காத்திருந்தபோது பாங்கு கேட்டதாகவும், வெளியே வந்து பார்த்தால் அது ஃபஜ்ருடைய பாங்கு என்றும் அவர் பதிவு செய்துள்ளார். ஃபஜ்ரு தவறிவிடுமோ என்ற அச்சத்தால் ஒரு மாதமாகத் தாம் இரவில் உறங்கவில்லை என்று முஅத்தின் அவரிடம் கூறினாராம். ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின்னும் இச்சிக்கல் தீர்ந்தபாடில்லை. மூஸா ஜாருல்லாஹ் என்னும் தாத்தாரிய அறிஞர், நீண்ட பகல்களில் நோன்பு நோற்பது பற்றி 1911-இல் தனி நூலே எழுதினார். சித்திரை, வைகாசி வெயிலில் உப்பளத்தைக் கடந்து நடந்துகொண்டே இஃப்தார் நேரத்தைக் கணக்கிடும் நமக்கு அவர்களுடைய கவலை விளங்காமற் போகாது.

1552-இல் ரஷ்ய மன்னர் நான்காம் இவான் கஸான் நகரைக் கைப்பற்றினார். மாஸ்கோவின் அடையாளமாக உலகெங்கும் படங்களில் காணப்படும், பல வண்ணக் குமிழ்கள் கொண்ட அந்தப் பெரிய தேவாலயம் அவ்வெற்றியின் நினைவாகவே எழுப்பப்பட்டது. கஸான் நகரத்துப் பள்ளிவாசல்கள் இடிக்கப்பட்டன. முஸ்லிம்கள் நகரத்துக்கு வெளியே தள்ளப்பட்டனர். இரு நூற்றாண்டுகள் கழித்து, 1740-களில், மதமாற்றத்துக்கென்றே ஒரு அலுவலகத்தை அமைத்து, கஸான் மாகாணத்திலிருந்த 536 பள்ளிவாசல்களில் 418-ஐ இடித்தனர்.

பேரரசி இரண்டாம் கேத்தரின் காலத்தில் காற்று சற்றுத் திசை மாறியது. 1767-இல் கஸானுக்கு வந்த அவர் கல்லால் பள்ளிவாசல் கட்டிக்கொள்ள இசைவு தந்தார். ஊர் மக்களின் நன்கொடையில் எழுந்த அப்பள்ளியே இன்று மர்ஜானி பள்ளிவாசல் எனப்படுகிறது. மினாரா மிகவும் உயர்ந்துவிட்டது என்று அதிகாரிகள் புகார் செய்தபோது, நிலத்தில் இடம் காட்டுவது மட்டுமே தம் அதிகாரம், வானத்தின்மேல் தமக்கு அதிகாரம் இல்லை என்று பேரரசி பதிலளித்ததாக அவ்வூரார் இன்றும் சொல்லி மகிழ்கின்றனர். இந்தப் பரிவுக்குக் கணக்கும் உண்டு. 1783-இல் கிரீமியாவை விழுங்கியவரும் அவரே. 1788-இல் ஊஃபா நகரில் முஸ்லிம்களுக்கென ஒரு மார்க்க சபையை அமைக்க ஆணையிட்டு, அதன் முஃப்தியை அரசே நியமிக்கும்படி செய்தார். இமாம்கள் இச்சபையில் தேர்வு எழுதி உரிமம் பெற வேண்டும். 1828 முதல் ஒவ்வொரு இமாமும் தம் மஹல்லாவின் பிறப்பு, நிக்காஹ், இறப்பு ஆகியவற்றைப் பதிவேட்டில் எழுதிவரவேண்டும் என்று ஆணை வந்தது. அரசு தன் வசதிக்காகவே இதைச் செய்தது. ஆயினும் நூறாண்டுக் காலம் இமாம்கள் அரபு எழுத்தில் எழுதிவைத்த அப்பதிவேடுகளைக் கொண்டுதான் இன்று தாத்தாரியக் குடும்பங்கள் தங்கள் முப்பாட்டனாரின் பெயரைக் கண்டுபிடிக்கின்றன. நம் பள்ளிவாசல்களின் நிக்காஹ் தஃப்தரை அலமாரியில் கரையானுக்கு விட்டுவைப்போர் இதைக் கவனிக்க வேண்டும்.

காகசஸ் மலைநாட்டில் இமாம் ஷாமில் இருபத்தைந்து ஆண்டுகள் போரிட்டு 1859-இல் சரணடைந்ததும், 1871-இல் மதீனா முனவ்வராவில் வஃபாத்தாகி ஜன்னத்துல் பகீஇல் அடக்கமானதும் பலரும் அறிந்த செய்தி. 1865-இல் தாஷ்கந்து வீழ்ந்தது, 1868-இல் சமர்கந்து. அங்கே பல நூற்றாண்டுகளாகப் பாதுகாக்கப்பட்டு வந்த, ஹஸரத் உஸ்மான் (ரலி) அவர்களுடையது என்று மக்கள் நம்பிப் போற்றிய தோல் ஏட்டுக் குர்ஆன் பிரதியை 1869-இல் ரஷ்ய ஆளுநர் தலைநகரத்து நூலகத்துக்கு அனுப்பினார். அது எழுதப்பட்ட காலம் பற்றி ஆய்வாளர்களுக்குள் வேறு கருத்துகள் உண்டு. ஆனால் தங்கள் முஸ்ஹஃபை எடுத்துக்கொண்டு போனார்கள் என்பதைச் சமர்கந்து மக்கள் மறக்கவில்லை. இதனைப் பின்னர் மீண்டும் குறிப்பிட வேண்டியிருக்கும்.

1897-இல் எடுத்த மக்கள்தொகைக் கணக்கின்படி ரஷ்யப் பேரரசில் ஏறத்தாழ 1 கோடியே 39 லட்சம் முஸ்லிம்கள் இருந்தனர். அவர்களுக்குள் கல்வி விழிப்பை உண்டாக்கியவர் கிரீமியாவின் இஸ்மாயில் காஸ்பிரலி. 1883-இல் 'தர்ஜுமான்' என்னும் இதழைத் தொடங்கினார். மறு ஆண்டு, பிள்ளைகள் சில மாதங்களில் எழுத்தறியத்தக்க புதிய முறை மக்தபை நிறுவினார். 1912-இல் பம்பாய்க்கு வந்து அம்முறையை இங்கும் பரப்ப முயன்றார் என்பது நம்மவர் அதிகம் அறியாதது. 1905-ஆம் ஆண்டுப் புரட்சியின்போது ரஷ்ய முஸ்லிம்களின் முதல் மாநாட்டுக்கு அரசு அனுமதி மறுக்கவே, உல்லாசப் பயணம் என்று சொல்லி ஒரு நீராவிப் படகை வாடகைக்கு எடுத்து, ஓகா நதியின் நடுவில் மாநாட்டை நடத்தி முடித்தனர்! 1917 பிப்ரவரிப் புரட்சியில் ஜார் வீழ்ந்தபின் மே மாதம் மாஸ்கோவில் கூடிய முஸ்லிம் மாநாட்டுக்கு ஏறத்தாழ 900 பிரதிநிதிகள் வந்தனர். அவர்களில் நூற்றுக்கு மேற்பட்டோர் பெண்கள். ஆலிம்ஜான் பாரூதியை முஃப்தியாகத் தேர்ந்தெடுத்தனர். அரசு நியமிக்காமல் முஸ்லிம்கள் தாமே வாக்களித்துத் தேர்ந்த முதல் முஃப்தி அவரே.

அதே ஆண்டின் இறுதியில் போல்ஷ்விக்குகள் ஆட்சியைப் பிடித்தனர். டிசம்பர் 3-ஆம் நாள் லெனின், ஸ்டாலின் இருவரின் கையொப்பத்துடன் ரஷ்யாவிலும் கிழக்கு நாடுகளிலும் உள்ள உழைக்கும் முஸ்லிம்கள் அனைவருக்கும் ஓர் அறிக்கை வெளியாயிற்று. ஜார்கள் இடித்த பள்ளிவாசல்களை நினைவுகூர்ந்து, இனி உங்கள் நம்பிக்கையும் வழக்கங்களும் தடையற்றவை என்று அவ்வறிக்கை உறுதி கூறியது. வாயளவில் நின்றுவிடவில்லை. அந்த மாதமே உஸ்மான் (ரலி) முஸ்ஹஃபைத் தலைநகரத்து நூலகத்திலிருந்து எடுத்து முஸ்லிம்களிடம் ஒப்படைக்க ஆணையிட்டனர். அது முதலில் ஊஃபாவுக்கும், சில ஆண்டுகளுக்குப் பின் தாஷ்கந்துக்கும் போய்ச் சேர்ந்தது. கிலாஃபத்தைத் துண்டாட பிரிட்டன் முனைந்திருந்த நாளில் இச்செய்தி இந்திய முஸ்லிம்களின் செவியில் தேனாகப் பாய்ந்ததில் வியப்பில்லை. ஆனால் அதே வேளையில் துருக்கிஸ்தானில் நடந்தது வேறு. தாஷ்கந்தில் அதிகாரத்தைப் பிடித்த ரஷ்யக் குடியேறிகள் தங்கள் ஆட்சியில் உள்ளூர் முஸ்லிம்களுக்கு இடமே தரவில்லை. முஸ்லிம்கள் கோகந்து நகரில் தனி அரசு ஒன்றை அமைத்தனர். 1918 பிப்ரவரியில் அந்நகரம் சூறையாடப்பட்டு எரிக்கப்பட்டது, ஆயிரக்கணக்கானோர் மாண்டனர். அறிக்கை வெளியாகி மூன்று மாதங்கள்கூட நிறையவில்லை. முஸ்ஹஃபு திரும்பியதும் மெய், கோகந்து எரிந்ததும் மெய். இந்தியாவுக்கு முதலாவது செய்தி மட்டுமே வந்து சேர்ந்தது.

இனி முஹாஜிர்களிடம் வருவோம். 1920-ஆம் ஆண்டுக் கோடையில், பிரிட்டிஷாரின் ஆட்சியின் கீழ் வாழ்வதைவிட ஹிஜ்ரத் செய்வதே கடமை என்று மௌலானா அபுல் கலாம் ஆஸாத் உள்ளிட்ட சில ஆலிம்கள் ஃபத்வா அளித்தனர். உலமாக்கள் அனைவரும் இதில் ஒத்துப்போகவில்லை. ஆப்கானிஸ்தான் அமீர் அமானுல்லாஹ், வருவோரை வரவேற்பதாக அறிவித்திருந்தார். சிந்து, பஞ்சாப், எல்லைப்புற மாகாணம் ஆகிய பகுதிகளில் நிலத்தையும் கால்நடையையும் வந்த விலைக்கு விற்றுவிட்டு மக்கள் குடும்பத்தோடு கிளம்பினர். லார்கானாவிலிருந்து 750 பேருடன் ஒரு தனி ரயிலே புறப்பட்டது. ஆகஸ்டு மாதத்துக்குள் பல்லாயிரம் பேர் எல்லையைக் கடந்தனர். வறிய ஆப்கானிஸ்தான் அத்தனை பேருக்கு எங்கிருந்து சோறிடும்? ஆகஸ்டு இரண்டாம் வாரத்தில் அமீர் வழியை அடைத்தார். அதே வாரம், ஆகஸ்டு 12-ஆம் நாள், சென்னைக் கடற்கரையில் காந்தியடிகள் ஒத்துழையாமை பற்றி உரையாற்றினார். மௌலானா ஷௌகத் அலீயும் உடன் வந்திருந்தார். தென்னாட்டு முஸ்லிம்கள் யாகூப் ஹஸன் சேட் போன்றோரின் தலைமையில் கிலாஃபத்துக்குத் திரண்டிருந்த அந்நாளில், வடக்கே கைபர் கணவாயில் திரும்பி நடந்த முஹாஜிர்கள் பசியாலும் நோயாலும் விழுந்துகொண்டிருந்தனர். வழிநெடுகக் கபறுகள் தோன்றின. ஃபத்வா கொடுத்த பெரியோர் எவரும் இந்தப் பயணம் போகவில்லை என்பதையும் வரலாறு எழுதும்போது சொல்லத்தான் வேண்டும்.

திரும்பாத சிலர் துருக்கிக்குப் போய்க் கலீஃபாவின் படையில் சேர எண்ணினர். ஏறத்தாழ எண்பது இளைஞர்கள் இந்துகுஷ் மலையைக் கால்நடையாகக் கடந்து, ஆமூ நதிக்கரையில் சோவியத்துகளின் தெர்மெஸ் நகரை அடைந்தனர். செஞ்சேனையினர் அவர்களை மேளதாளத்தோடு வரவேற்றனர். அங்கிருந்து படகுகளில் நதிவழியே சென்றபோது, புகாரா அமீரின் பக்கம் நின்று போரிட்ட துருக்மானியர் அவர்களைப் பிடித்துக் கட்டினர், ரஷ்யரின் கையாட்கள் என்று கருதி அடித்தனர், கொல்லவும் இருந்தனர். கிலாஃபத்துக்காக வீட்டைத் துறந்தவர்கள் முஸ்லிம்களின் கையிலேயே கைதிகளாயினர். செஞ்சேனையின் பீரங்கி முழக்கம் நெருங்கவே உயிர் தப்பி, கெர்க்கி என்னும் கோட்டைக்குள் புகுந்தனர். அங்கே முப்பத்தாறு பேர் துப்பாக்கி ஏந்திக் கோட்டையைக் காத்தனர். யாருக்காக, யாரை எதிர்த்து என்பதை அவர்கள் அந்நேரம் எண்ணிப் பார்த்திருப்பார்களா என்பதை நாம் அறியோம். அந்தச் செப்டம்பர்த் தொடக்கத்தில் புகாரா நகரமும் செஞ்சேனையின் குண்டுவீச்சில் வீழ்ந்தது. நகரின் புகழ்பெற்ற கல்யான் மினாராவும் காயமுற்றது.

அவர்களில் ஒரு பகுதியினர் தாஷ்கந்தை அடைந்தபோது அங்கே ஏற்கெனவே இந்தியர்கள் இருந்தனர். அவர்களுள் ஒருவர்தான் நாம் முன்பு சொன்ன தமிழர், மண்டயம் பார்த்தசாரதி திருமலாச்சாரியார். எம்.பி.டி. ஆச்சார்யா என்பது வழக்கிலுள்ள பெயர். 1887-இல் பிறந்தவர். மகாகவி பாரதியார் ஆசிரியராக இருந்த 'இந்தியா' வார இதழை வெளியிட்டவர்களின் உறவினர். 1908-இல் அரசு அவ்விதழின்மேல் பாய்ந்தபோது அச்சகம் பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரிக்குப் பெயர்ந்தது, ஆச்சார்யாவும் சென்றார். அவ்வாண்டின் இறுதியிலேயே கொழும்பு வழியாக ஐரோப்பாவுக்குக் கப்பலேறிவிட்டார். லண்டன், பாரிஸ், பெர்லின், இஸ்தான்புல் என்று பத்தாண்டுகள் அலைந்து, 1919-இல் மாஸ்கோவில் லெனினைச் சந்தித்த குழுவில் இடம்பெற்றார். அக்குழுவில் போபாலைச் சேர்ந்த மௌலவி பரகத்துல்லாஹ்வும் இருந்தார். ஓர் ஐயங்காரும் ஒரு மௌலவியும் ஒரே குழுவாகச் சென்று லெனினோடு பேசினர் என்பதை இன்றைய நாளில் நினைத்துப் பார்த்தால் இனிக்கிறது.

பின்னர்க் காபூல் சென்ற ஆச்சார்யா, அங்கே அப்துர் ரப் என்பவரோடு இணைந்து இந்தியப் புரட்சிச் சங்கத்தை நடத்தினார். முஸ்லிம்களும் முஸ்லிமல்லாதாரும் இணைந்திருப்பதைப் பாராட்டி 1920 மே மாதம் லெனின் அச்சங்கத்துக்கு வாழ்த்து அனுப்பினார். அவ்வாண்டின் நடுவில் இருவரும் தாஷ்கந்துக்கு இடம் மாறினர். அக்டோபர் 17-ஆம் நாள் அந்நகரில் இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி ஏழு பேரோடு அமைக்கப்பட்டது. செயலாளர் முஹம்மது ஷஃபீக் ஹிஜ்ரத் செய்து வந்தவர், எழுவருள் எம்.என். ராய், அவருடைய மனைவி எவலின், அபனி முகர்ஜி ஆகியோரும் இருந்தனர். கூட்டக் குறிப்பில் தலைவராகக் கையொப்பமிட்டவர் ஆச்சார்யா. முஹாஜிர்களுக்குப் போர்ப்பயிற்சி அளிக்க ஒரு பள்ளியும் தொடங்கப்பட்டது.

பிளவு உடனே வந்தது. பிரிட்டிஷாரை எதிர்க்க வருவோர் எக்கொள்கையினராயினும் இடம்பெறும் சங்கமே வேண்டும் என்பது அப்துர் ரப், ஆச்சார்யா ஆகியோரின் நிலை. முஹாஜிர்களைக் கம்யூனிஸ்டுகளாக மாற்றிக் கட்சியை வளர்ப்பதே ராயின் நோக்கம். தொழுகையும் நோன்பும் கிலாஃபத் வேட்கையுமாக வந்த இளைஞர்களுக்குச் சிக்கல் இங்கேதான் எழுந்தது. துப்பாக்கி வேண்டும், பயிற்சி வேண்டும். அதற்கு ஈடாக ஈமானைத் தரவேண்டுமா? சிலர் மனமாரக் கட்சியில் சேர்ந்தனர். அவர்களைக் கூலிக்கு மாறியவர்கள் என்று நாம் சொல்லமாட்டோம். பின்னர் இந்தியச் சிறைகளில் ஆண்டுக்கணக்கில் வாடியவர்கள் அவர்களே. பலர் சேரவில்லை. கம்யூனிச எதிர்ப்புப் பிரச்சாரம் செய்வோருக்கு ஆதரவு தருகிறார் என்று குற்றஞ்சாட்டி, 1921 ஜனவரி இறுதியில் ஆச்சார்யாவைத் தலைமைப் பொறுப்பிலிருந்து நீக்கினர். பிறப்பால் வைணவரான, எந்த மதச் சடங்கிலும் பற்றில்லாத ஒருவர், முஸ்லிம் இளைஞர்கள் தாம் விரும்பிய வண்ணம் இருந்துகொள்ள இடம் வேண்டும் என்ற பக்கம் நின்று பதவியை இழந்தார் என்பது நம் கணிப்பு.

போர்ப்பயிற்சிப் பள்ளியும் நீடிக்கவில்லை. 1921 மார்ச் 16-இல் சோவியத் அரசு பிரிட்டனோடு வணிக ஒப்பந்தம் செய்துகொண்டது. இந்தியாவில் கிளர்ச்சியைத் தூண்டுவதில்லை என்பது அதன் நிபந்தனைகளுள் ஒன்று. சில வாரங்களில் பள்ளி மூடப்பட்டது. அரசுகள் தங்களுக்குள் சரக்கு மாற்றிக்கொள்ளும்போது அகதிகளைத் தராசில் வைத்துப் பார்ப்பது புதிதன்று. சில மாணவர்கள் மாஸ்கோவின் கிழக்குநாட்டு உழைப்பாளர் பல்கலைக்கழகத்தில் சேர்க்கப்பட்டனர். பாமீர் மலைவழியே நாடு திரும்பியோரைப் போலீசார் பிடித்தனர். 1922 முதல் 1927 வரை பெஷாவரில் ஐந்து சதி வழக்குகள் நடந்தன. ரஷ்யாவில் படித்ததே குற்றமாயிற்று. பிகானீரைச் சேர்ந்த ஷௌகத் உஸ்மானி அடுத்தடுத்துக் கான்பூர், மீரட் வழக்குகளிலும் தண்டிக்கப்பட்டார். கான்பூர் வழக்கில் குற்றஞ்சாட்டப்பட்டோர் பட்டியலில் சென்னையின் சிங்காரவேலரும் இருந்தார். நம்மூர் அளங்களில் விளையும் உப்பின்மீதான வரியை 1923-இல் அரசு இரட்டிப்பாக்கிய அதே காலத்துச் செய்திகள் இவை.

முஹாஜிர்கள் விட்டுவந்த நாட்டில் அடுத்து நடந்ததைச் சுருங்கச் சொல்ல இயலாது. முதல் பத்தாண்டுகள் ஒருவாறு கடந்தன. 1926-இல் மக்காவில் கூடிய உலக முஸ்லிம் மாநாட்டுக்கு ஊஃபாவின் முஃப்தி ரிஸாவுத்தீன் ஃபக்ருத்தீன் தலைமையில் சோவியத் முஸ்லிம்களின் குழு வந்திருந்தது. இந்தியாவிலிருந்து மௌலானா முஹம்மது அலீ, ஷௌகத் அலீ சகோதரர்களும் சென்றிருந்தனர். அதன்பின் கதவு சாத்தப்பட்டது. 1920-களின் இறுதிக்குள் வக்ஃபு சொத்துகள் முழுவதும் பறிக்கப்பட்டன. 1929 ஏப்ரல் 8-ஆம் நாள் வந்த சட்டத்தைப் பற்றி ஜமாஅத் நிர்வாகத்தில் உள்ள நாம் விரிவாக அறிதல் நலம். பள்ளிவாசல் கட்டடம் அரசுக்குச் சொந்தம். ஊரார் இருபது பேர் கையொப்பமிட்டு விண்ணப்பித்தால் தொழுகைக்கு அது வழங்கப்படும். பழுதுபார்ப்பு, காப்பீடு, வரி எல்லாம் அந்த இருபது பேரின் பொறுப்பு. ஏழைகளுக்கு உதவி நிதி திரட்டக்கூடாது. மருத்துவ உதவி கூடாது. நூலகமோ படிப்பகமோ கூடாது. பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும் தனியே கூட்டம் நடத்தக்கூடாது. எந்த ஜமாஅத்தின் ஆண்டறிக்கையையும் கையில் எடுத்துப் பாருங்கள். தொழுகை நேர அட்டவணையைத் தவிர மற்றெல்லாப் பக்கங்களும் அச்சட்டப்படி குற்றம்.

கையொப்பமிட்ட இருபது பேரின் பெயரும் முகவரியும் அதிகாரிகளிடம் இருந்தன. வரி கட்ட முடியாமலோ அச்சத்தாலோ சிலர் விலகினால் எண்ணிக்கை குறையும், பள்ளி பூட்டப்படும். மினாராவை அகற்றிவிட்டுத் தானியக் கிடங்காகவும் பள்ளிக்கூடமாகவும் மாற்றினர். சமர்கந்தின் தைமூர் அடக்கத்தலத்தைப் போல நீலக் குவிமாடத்துடன் 1913-இல் பீட்டர்ஸ்பர்க்கில் திறக்கப்பட்ட பெரும் பள்ளிவாசல்கூட 1940-இல் மூடப்பட்டுக் கிடங்காயிற்று. 1956-இல் அது மீண்டும் தொழுகைக்குக் கிடைத்ததற்கு, அந்நகருக்கு வந்த இந்தோனேசிய அதிபர் சுகர்னோ கேட்டுக்கொண்டதே காரணம் என்று சொல்வர். புரட்சிக்குமுன் பேரரசெங்கும் ஏறத்தாழ 26,000 பள்ளிவாசல்கள் இருந்ததாகவும் 1942-இல் சுமார் 1,300 மட்டுமே எஞ்சியதாகவும் ஆய்வாளர்கள் கணக்கிட்டுள்ளனர். கஸான் நகரில் சோவியத் காலத்தின் பெரும்பகுதி முழுவதும் திறந்திருந்தது மர்ஜானி பள்ளிவாசல் ஒன்றே.

எழுத்தும் மாற்றப்பட்டது. 1920-களின் இறுதியில் அரபு எழுத்தை நீக்கி லத்தீன் எழுத்தைக் கொண்டுவந்தனர். 1940 வாக்கில் அதையும் நீக்கி ரஷ்ய எழுத்தைத் திணித்தனர். பாட்டனாரின் கபறில் நட்ட மீஸான் கல்லைப் பேரனால் படிக்க இயலாமற் போயிற்று. அரபுத் தமிழ் எழுத்தில் நம் முன்னோர் எழுதிய கிதாபுகளை இன்று நம்மில் எத்தனை பேரால் வாசிக்க முடிகிறது என்பதை எண்ணினால், ஆணையே இல்லாமலும் இது நடக்கக்கூடியது என்பது விளங்கும்.

1937, 1938-ஆம் ஆண்டுகளில் இமாம்களும் ஆலிம்களும் ஆயிரக்கணக்கில் கொல்லப்பட்டனர். 1917 மாநாட்டில் காழியாகத் தேர்வுபெற்ற முக்லிஸா என்னும் பெண்மணியும் சுடப்பட்டார். மதத்தைச் சாடியவர்களும் தப்பவில்லை: தாஷ்கந்தில் கட்சியை அமைத்த எழுவருள் ஒருவரான அபனி முகர்ஜி 1937 அக்டோபரில் சோவியத் அரசாலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். ஆச்சார்யா இதற்கு நெடுநாள் முன்பே ரஷ்யாவை விட்டு வெளியேறியிருந்தார். மாஸ்கோவில் மணந்துகொண்ட மக்தா நாக்மன் என்னும் ஓவியரோடு பெர்லினில் வாழ்ந்து, 1935-இல் பம்பாய் திரும்பி, 1954 மார்ச்சில் அங்கேயே வறுமையில் இறந்தார்.

போர்க்காலத்தில் ஸ்டாலினுக்கு முஸ்லிம்களின் துணை தேவைப்பட்டது. 1943-இல் தாஷ்கந்தில் மத்திய ஆசிய முஸ்லிம்களுக்கான மார்க்க சபை அமைக்கப்பட்டது. போருக்குப் பின் புகாராவின் மீர் அரப் மதரஸா திறக்கப்பட்டது. 'சோவியத் நாடு' இதழில் நாம் கண்ட படங்கள் பெரும்பாலும் இந்தச் சில இடங்களைச் சேர்ந்தவை. ஆனால் 1944-இல் கிரீமியத் தாத்தாரியரும் செச்சென் மக்களும் ஒட்டுமொத்தமாகத் தாய்மண்ணிலிருந்து ரயில்களில் ஏற்றப்பட்டதை அவ்விதழ் அச்சிடவில்லை. மார்க்கத்தைக் காத்தவை அப்படங்களில் இல்லாத வீடுகளே. பள்ளி பூட்டிய ஊரிலும் ஜனாஸா தொழுதனர், நிக்காஹ் ஓதினர், பிள்ளைகளுக்குக் கத்னா செய்தனர். தாத்தாரிய ஊர்களில் அபிஸ்தாய் என்றும் உஸ்பெக் ஊர்களில் ஓத்தின் என்றும் அழைக்கப்பட்ட பெண்மணிகள் அடுப்படியில் வைத்துப் பிள்ளைகளுக்கு யாஸீன் ஓதிக்கொடுத்தனர். கட்சி அதிகாரியாக இருந்த மகனும் தந்தை மவுத்தானால் மோதினாரைத் தேடிப் போக வேண்டியிருந்தது.

அவ்வாறு மறைவில் கற்பித்தோருள் ஒருவரின் பெயரை நம் ஜமாஅத்தார் அறிந்திருக்க வேண்டும். எரிக்கப்பட்ட கோகந்து நகரத்துக்கு அருகில் 1892-இல் பிறந்தவர் முஹம்மது ஜான். ஆப்கானிஸ்தானில் கற்றுவிட்டு, தம் உஸ்தாதைப் பின்தொடர்ந்து இந்தியா வந்து, அஜ்மீரின் உஸ்மானியா மதரஸாவில் எட்டாண்டுகள் ஓதினார். நம் முஹாஜிர்கள் அங்கே போய்த் திரும்பிய அதே 1920-களில் அவர் இங்கே வந்து திரும்பினார். 1929-இல், சட்டம் வந்த அதே ஆண்டில், ஊர் போய்ச் சேர்ந்தார். பலமுறை சிறையும் சைபீரியாவும் கண்டார். உலகப் போரில் சோவியத் சிப்பாயாகக் காயமடைந்தார். ஸ்டாலின் இறந்தபின் விடுதலையானார். தாஜிகிஸ்தானின் துஷான்பே நகரில், அறிவியல் கழகத்தில் உருது மொழி கற்பிக்கும் வேலை கிடைத்தது. இந்தியாவில் கற்ற உருதுவே அவருக்குச் சோறிட்டது. வேலை நேரம் போக, தம் வீட்டறையில் மாணவர்களைக் கூட்டி ஹதீஸும் ஃபிக்ஹும் நடத்தினார். குர்ஆன் முழுவதற்கும் உஸ்பெக் மொழியில் தஃப்ஸீர் எழுதினார். 1989-இல் அவர் வஃபாத்தானபோது, மத்திய ஆசியாவின் ஆலிம்களில் ஒரு தலைமுறையே அவ்வீட்டறையில் ஓதியவர்களாக இருந்தது. அங்குள்ளோர் அவரை அழைத்த பெயர், மௌலவி ஹிந்துஸ்தானி.